விளக்கேற்றித் தொடங்கிய கூட்டம்

அத்தியாயம் 9

கேட்டிலேயே என் செருப்பைப் பிடுங்கிக்கொண்டார் அந்த ஆள்.

அடுத்து செல்போன். அடுத்து பெல்ட், அதில் இரும்புக் கொக்கி இருந்ததாம். அடுத்து சாவிக்கொத்து. எல்லாவற்றையும் ஒரு பிளாஸ்டிக் தட்டில் போட்டு, நோட்டில் வரிசையாக எழுதி, என்னிடம் கையெழுத்து வாங்கினார். பெயர் பலவேசம். கேட்டுக்குக் காவல். வயது அறுபதை ஒட்டி இருக்கும்.

“தீப்பெட்டி, பீடி, லைட்டர்?”

“பழக்கமில்லை அண்ணாச்சி.”

“பழக்கத்தைக் கேக்கல. பையில இருக்கான்னு கேட்டேன்.”

“இல்லை. நான் நமுத்துப்போன வெடி. எங்க அப்பாவே சொல்லியிருக்காரு.”

அவர் சிரிக்கவில்லை. “நமுத்தது எப்ப வெடிக்கும்னு எவனுக்கும் தெரியாது. அந்தத் தகட்டைத் தொட்டுட்டுப் போ.”

சுவரில் பதித்திருந்த செம்புத் தகட்டில் உள்ளங்கையை வைத்தேன். உடம்பில் ஒட்டிக்கொண்டிருக்கும் மின்சாரம் அதன் வழியே மண்ணுக்குள் இறங்கிவிடுமாம். என்னிடம் இருந்த கொஞ்ச தைரியமும் அதோடு சேர்ந்து இறங்கியது போல இருந்தது.

எனக்குப் பின்னால் மீனாக்கா நின்றிருந்தார். பாண்டிமீனா. விருதுநகரில் துப்பறியும் தொழிலுக்கென்று பெயர்ப்பலகை மாட்டியிருக்கும் ஒரே பெண். அதற்கு முன்பு பத்து வருடம் ஒரு வக்கீல் ஆபீசில் டைப்பிஸ்ட். நான் அவருடைய உதவியாளன் விக்னேஷ்குமார். பகலில் அவருடைய ஸ்கூட்டரின் பின்சீட்டிலும், சாயங்காலம் கூட்டுறவுப் பட்டயப் படிப்பின் மாலை வகுப்பில் கடைசி பெஞ்சிலும் உட்கார்ந்திருப்பவன்.

“கொண்டை ஊசி,” என்றார் பலவேசம்.

“கொண்டை ஊசியுமா?”

“ஊசியும்தான். வேண்டாம்னா இப்படியே திரும்பிப் போங்க. யாரும் வெத்தலை பாக்கு வச்சு உங்களைக் கூப்பிடல.”

மீனாக்கா நான்கு ஊசிகளையும் பிடுங்கித் தட்டில் போட்டார். தலைமுடி தோளில் சரிந்தது. “நாளைக்கு கோர்ட்ல உங்க செயலாளர் முடியைப் பிச்சுக்கிறப்ப இதுக்குக் கணக்கு நேர் பண்ணிக்கிறேன்,” என்றார்.

கேட்டுக்கு வெளியே வேப்பமர நிழலில் நின்றிருந்தார் பொன்னுத்தங்கம், எங்கள் கட்சிக்காரர். இருபத்திரண்டு வருடம் இதே கேட் வழியாக உள்ளே போய் வெடிக்குத் திரி வைத்தவர். இன்று அவரை உள்ளே விடவில்லை. “சங்கத்துல இருந்து நீக்குனவுகளுக்கு அனுமதி இல்ல,” என்று பலவேசம் சொன்னபோது அவர் முகத்தைப் பார்க்காமல் நோட்டைப் பார்த்துச் சொன்னார்.

வழக்கு இதுதான். நாரணாபுரத்தைத் தாண்டித் தார்ச்சாலை முடியும் இடத்தில் இருக்கிறது வெள்ளிமலைப் பட்டாசுத் தொழிலாளர் கூட்டுறவுச் சங்கம். தொழிலாளர்களே உறுப்பினர்கள், அவர்களே முதலாளிகள். ஒவ்வொரு அறைக் கதவிலும் ‘4 பேர்’ என்று பெயிண்டில் எழுதியிருக்கும், அதற்கு மேல் உட்காரக் கூடாது. பிப்ரவரியில் இரண்டு அறைகளில் ஒன்பது ஒன்பது பேரை உட்கார வைத்திருப்பதைப் பார்த்து, பொன்னுத்தங்கம் கூட்டுறவுத் துணைப்பதிவாளருக்கு ஒரு புகார் எழுதினார். மார்ச் பன்னிரண்டாம் தேதி நிர்வாகக் குழு கூடி, சங்கத்தின் பெயரைக் கெடுத்தார் என்று அவரை உறுப்பினர் பட்டியலில் இருந்தே நீக்கிவிட்டது. உறுப்பினர் இல்லை என்றால் வேலை இல்லை. சங்கம் கட்டிக் கொடுத்த காலனி வீடும் இல்லை. வெள்ளிக்கிழமை மாலை ஐந்து மணிக்குள் அந்த வீட்டை அவர் காலி செய்ய வேண்டும்.

இன்று புதன்.

நாளை காலை உயர்நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் அவருடைய ரிட் மனு விசாரணைக்கு வருகிறது. காலையில் வக்கீல் கற்பகவல்லி எங்களைக் கூப்பிட்டு, நல்ல செய்தி எதுவும் இல்லை என்ற முகத்தோடு விஷயத்தைச் சொன்னார்.

“கூட்டுறவுச் சங்கம்னா அது அரசாங்கம் கிடையாது. உறுப்பினர்கள் சேந்து நடத்துற அமைப்பு. அதனால அது மேல நேரா ரிட் போட முடியாது, மனுவைத் தள்ளுபடி பண்ணுங்கன்னுதான் எதிர்த்தரப்புல ஆரம்பிப்பாங்க. சங்கம் சட்டம் சொன்ன கடமையையே மீறியிருக்கு, விசாரிக்காமலே நீக்கியிருக்கு, அதனால ரிட் போகும்னு நான் சொல்லுவேன். நீதிபதி ஏத்துக்கலாம், ஏத்துக்காமலும் போகலாம். ‘துணைப்பதிவாளர்கிட்ட முறையீடு செய்ய வழி இருக்கே, அதை விட்டுட்டு இங்க ஏன் வந்தீங்க’ன்னு கேட்டுட்டார்னா நான் உக்கார வேண்டியதுதான்.”

“அப்ப என்ன வேணும்?” என்று கேட்டார் மீனாக்கா.

“அந்தத் தீர்மானத்துக்குப் பின்னால ஒரு அதிகாரி கை இருந்துச்சுன்னு காட்டுற ஒரு துண்டுக் காகிதம். சங்கம் தப்பிக்கலாம், அதிகாரி தப்பிக்க முடியாது. அவர் மேல ரிட் தாராளமாப் போகும்.”

சங்கம் கோர்ட்டில் தாக்கல் செய்திருந்த தீர்மானத்தின் நகலை என்னிடம் கொடுத்தார். நான் அதை மூன்று முறை படித்து, நோட்டில் பதினோரு குறிப்புகள் எழுதினேன். கூட்ட அறிவிப்பு சரி. வருகை சரி. ஒன்பது கையெழுத்தும் சரி. கடைசியாக இப்படி முடித்திருந்தேன்: ‘குறை எதுவும் இல்லை (நான் சரியாகப் பார்த்திருந்தால்).’

மீனாக்கா அதைப் படித்துவிட்டு, “உன் வியாதியே அந்த அடைப்புக்குறிக்குள்ளதான்லே இருக்கு,” என்றார்.

*

செயலாளர் சீனிவாசகத்தின் அறை, கேட்டிலிருந்து ஐம்பது அடி தூரத்தில், வேலிக்கு உள்ளேயே இருந்தது. மேசை, நான்கு நாற்காலி, ஒரு மண்பானை. அவர் எங்களை உட்காரச் சொல்லவில்லை. மீனாக்கா உட்கார்ந்துகொண்டார். நான் நிற்பதா உட்காருவதா என்று முடிவு செய்வதற்குள் செயலாளர் பேச ஆரம்பித்துவிட்டார்.

“அஞ்சு நிமிசம். சீசன் ஆர்டர் கெடக்கு.”

“ரெண்டு நிமிசம் போதும் அண்ணாச்சி. மார்ச் பன்னிரண்டு கூட்டம் எங்கன நடந்துச்சு?”

“இங்கனதான். இதே ரூம்ல. பக்கத்து ரூம்ல இருந்து நாற்காலி கொண்டாந்து போட்டோம்.”

“தீர்மானத்தை எழுதுனது யாரு?”

“சங்கத்துத் தீர்மானத்தைச் சங்கத்துச் செயலாளர் எழுதாம பக்கத்து வீட்டுக்காரனா எழுதுவான்?”

“மேல இருந்து யாரும் எதுவும் சொல்லலை?”

அவர் காத்திருந்த கேள்வி இதுதான் என்று தெரிந்தது. நாற்காலியில் சாய்ந்துகொண்டார். “ஏந்தாயி, எங்க வக்கீலும் எனக்குப் பாடம் எடுத்திருக்காரு. இது சங்கம், அரசாங்கம் இல்ல. எங்க வீட்டுப் பஞ்சாயத்தை நாங்க பேசி முடிச்சிருக்கோம். இதுல எந்த அதிகாரியும் கிடையாது, உங்க ரிட்டும் கிடையாது. அந்தப் பொம்பளைக்கு மனக்குறை இருந்தா துணைப்பதிவாளர்கிட்டப் போய் முறையீடு செய்யட்டும்.”

“முப்பது வருசமா செயலாளரா இருக்கீகளாம். உங்க பேப்பர்ல ஒரு வார்த்தை தப்பா இருக்காதுன்னு சாத்தூர் வரைக்கும் சொல்லுறாக.”

“இருக்காது.”

“இந்த நகல்ல இருக்கிற ஒவ்வொரு வார்த்தைக்கும் நீங்க பொறுப்பு.”

“ஒவ்வொரு எழுத்துக்கும்.”

“ஏலே விக்னேசு, வாசி.”

எதற்கு என்று எனக்குப் புரியவில்லை. மீனாக்காவுக்கும் புரிந்திருக்காது என்றுதான் இப்போது நினைக்கிறேன். எதிரி வாயை மூட மாட்டேன் என்கிறபோது, அவனையே கொஞ்ச நேரம் கேட்க வைப்பது மீனாக்காவின் வழக்கம். நான் நகலை எடுத்தேன். எங்களைக் கண்காணிக்க வந்த பலவேசம் வாசலில் சாய்ந்து நின்றார்.

“நமது சங்கத்தின் நிர்வாகக் குழுக் கூட்டம் மார்ச் திங்கள் பன்னிரண்டாம் நாள் பிற்பகல் மூன்று மணியளவில் சங்க அலுவலகக் கட்டடத்தில் கூடியது,” என்று வாசித்தேன்.

ஜன்னலுக்கு வெளியே பெண்கள் சாப்பாட்டுக்கு வரிசையாக வந்துகொண்டிருந்தார்கள். கைகளில் பட்டாசு மருந்தின் அலுமினியத் தூள். வெள்ளி பூசியது போல மின்னியது. அவர்களைப் பார்த்தபடியே தொடர்ந்தேன்.

“தலைவர் அவர்கள் குத்துவிளக்கேற்றிக் கூட்டத்தைத் தொடங்கி வைக்க, மறைந்த கூட்டுறவாளர்களுக்கு இரு நிமிட மௌன அஞ்சலி செலுத்தப்பட்டு, பொருள்நிரலின்படி விவாதம் இனிதே தொடங்கியது...”

“ஏலே.”

நிறுத்தினேன்.

“பேப்பரைப் பாக்காம எப்படிலே வாசிக்கே?”

கையில் இருந்த நகலைப் பார்த்தேன். அது இடுப்பை நோக்கித் தாழ்ந்திருந்தது. என் கண் ஜன்னலில் இருந்தது. ஆனால் நான் சொன்னதும் அதில் இருந்ததும் ஒன்றாகவே இருந்தன, அந்த ‘இனிதே’ வரைக்கும்.

காது சூடாகிவிட்டது. தோள்பையில் இருந்து மாலை வகுப்பு நோட்டை எடுத்தேன். எனக்குத் தேதி போட்டு எழுதும் பழக்கம் உண்டு. ஜனவரி எட்டு. தலைப்பு: ‘தீர்மானம் எழுதும் முறை: மாதிரி.’ முதல் வாக்கியம், தலைவர் அவர்கள் குத்துவிளக்கேற்றி. நான்கு முறை எழுதி மனப்பாடம் செய்திருந்தேன், பரீட்சைக்கு வரும் என்று சொன்னதால். பக்கத்தின் மேல் மூலையில் அன்று வந்து சொல்லிக் கொடுத்த விருந்தினர் பெயரும் இருந்தது. திரு. கனகசபாபதி, துணைப்பதிவாளர்.

பொன்னுத்தங்கம் புகார் அனுப்பியது இவருக்குத்தான். முறையீடு செய்யச் சொல்வதும் இவரிடம்தான்.

நோட்டை மீனாக்காவிடம் நீட்டினேன். நீட்டும்போதே சந்தேகம் வந்துவிட்டது. “ஆனா அக்கா, மாதிரின்னா எல்லாரும் அதைப் பாத்துத்தானே எழுதுவாக...”

“அப்படிச் சொல்லு தம்பி,” என்றார் சீனிவாசகம். “மாதிரியைப் பாத்து எழுதுனோம். அது குத்தமா? படிச்ச பையன் நீயே சொல்லிட்டே.”

மீனாக்கா என்னைப் பார்த்த பார்வையில் ஸ்கூட்டர் பின்சீட்டு பறிபோயிருந்தது. திரும்பிப் பேருந்தில் போக எவ்வளவு ஆகும் என்று மனதுக்குள் கணக்குப் போட்டேன். அவர் நோட்டை மூடினார். பிறகு கலைந்த தன் தலைமுடியை ஒதுக்கிக்கொண்டு, அந்தக் கையை அப்படியே காதோரம் நிறுத்தினார். கொண்டை ஊசி இருந்த இடம்.

“சரி அண்ணாச்சி. ஒவ்வொரு எழுத்துக்கும் நீங்க பொறுப்பு. குத்துவிளக்கு ஏத்துனீகளா?”

செயலாளர் என் கையில் இருந்த நகலை எட்டிப் பார்த்தார்.

“என்ன விளக்கு?” என்றார் வாசலில் நின்ற பலவேசம்.

“நீ போய் கேட்டைப் பாரு,” என்றார் சீனிவாசகம்.

பலவேசம் நகரவில்லை. “கம்பெனிக்குள்ள விளக்கு ஏத்துனதா எழுதியிருக்கா? இந்த ரூம்லயா?”

“அதெல்லாம் ஒரு பேச்சுக்கு எழுதுறது.”

“எனக்குத் தெரியாம எப்ப அண்ணாச்சி ஏத்துனீக? ஆயுத பூசைக்கே கேட்டுக்கு வெளிய வேப்பமரத்தடியிலதான் சூடம் கொளுத்துறோம். பொம்பளை தலையில இருக்க ஊசியைக் கூட நான் புடுங்கி வச்சிட்டுத்தான் உள்ள விடுறேன். நீங்க திரி போட்டு எண்ணெய் ஊத்தி...”

ஜன்னலுக்கு வெளியே வரிசை நின்றுவிட்டது. வெள்ளி பூசிய கைகள் ஜன்னல் கம்பியைப் பிடித்திருந்தன. இருபது முகங்கள் செயலாளரைப் பார்த்தன. மருந்து அறை இங்கிருந்து கூப்பிடு தூரத்தில் இருந்தது.

சீனிவாசகத்தின் முகம் மெல்ல மெல்லக் கறுத்தது. எங்களிடம் பொய் சொல்ல அவருக்குத் தயக்கமே இல்லை. ஆனால் இந்த முகங்களின் முன்னால் அந்த ஒரு பொய்யைச் சொல்ல அவரால் முடியவில்லை. முப்பது வருடம் பட்டாசுக் கம்பெனியில் இருந்த மனிதர்.

“எந்தக் கூறுகெட்டவன் இங்கன விளக்கு ஏத்துவான்?” என்று மேசையில் அறைந்தார். “ஆபீஸ்ல ஏசிக்குள்ள உக்காந்துக்கிட்டு அந்த ஆளு எழுதிக் குடுத்தான். நான் பாத்துப் பாத்து அப்படியே...”

பாதியில் நிறுத்திக்கொண்டார்.

மீனாக்கா மெதுவாக எழுந்தார். “நன்றி அண்ணாச்சி. அஞ்சு நிமிசம் ஆகலை.”

*

கேட்டில் நாங்கள் பொருள்களைத் திரும்ப வாங்கிக்கொண்டிருந்தபோது சீனிவாசகம் பின்னாலேயே வந்துவிட்டார். முகம் பழையபடி இறுகியிருந்தது.

“வாயால ஒரு வார்த்தை வந்துச்சு. அம்புட்டுத்தான். கோர்ட்ல கேட்டா நான் சொல்லவே இல்லம்பேன். எழுத்துல என்ன இருக்கு உங்ககிட்ட?”

இதைத்தான் நானும் பயந்துகொண்டிருந்தேன். எழுத்தில் எங்களிடம் இருந்தது என் மாலை வகுப்பு நோட்டு. அதில் பாதிப் பக்கங்களில் நான் வரைந்த மாடுகள்.

“உங்க தீர்மானமே இருக்கே,” என்றார் மீனாக்கா. “பட்டாசுக் கம்பெனிக்குள்ள விளக்கு ஏத்துனோம்னு நீங்களே கையெழுத்துப் போட்டு ஹைகோர்ட்ல குடுத்திருக்கீக. ஒண்ணு அது பொய், நீங்க எழுதலை. இல்ல அது உண்மை. உண்மைன்னா நாளைக்கே வெடிபொருள் உரிமம் குடுக்கிற ஆபீசுக்கு ஒரு காப்பி அனுப்புறேன். உரிமம் போயிரும். எது வேணும்னு ராத்திரிக்குள்ள சொல்லுங்க.”

சாப்பாட்டுப் பெண்கள் கேட்டுப் பக்கம் வந்திருந்தார்கள். ஒருத்தி முன்னால் வந்தாள். “எங்க பொழப்பைக் கெடுக்கவா ஸ்கூட்டர் போட்டு வந்தீக? கேட்டைப் பூட்டிட்டா எங்க வீட்டுல நீங்க வந்து உலை வைப்பீகளா?”

“வெளிய போகச் சொல்லு அவளை,” என்றது இன்னொரு குரல். ஒரு மண்ணாங்கட்டி என் காலடியில் விழுந்து உடைந்தது. செருப்பை இன்னும் போட்டிருக்கவில்லை.

“மீனாம்மா.”

வேப்பமரத்தடியில் இருந்து பொன்னுத்தங்கம் வந்திருந்தார். கேட்டின் கம்பிக்கு அந்தப் பக்கம் நின்றார்.

“அதை மட்டும் செய்யாதீக.”

“அக்கா, நான் பேசிக்கிட்டு இருக்கேன்.”

“பேசுனது போதும். நூத்தி நாப்பது பேரு கஞ்சி குடிக்கிற எடம். எம்மக இந்தா நிக்கா அந்தக் கூட்டத்துல. எனக்கு வீடு வேணும்தான். அதுக்காக இந்த கேட்டைப் பூட்டச் சொல்லி என் பேரைப் போட்டு ஒரு காகிதமும் போகக் கூடாது. மீறிப் போச்சுன்னா நாளைக்கு நானே கோர்ட்ல எந்திரிச்சு கேஸ் வேண்டாம்னு சொல்லிருவேன்.”

மீனாக்காவின் கையில் இருந்த ஒரே ஆயுதம் அதுதான். எங்கள் கட்சிக்காரரே அதைப் பிடுங்கிக் கீழே போட்டுவிட்டார். மீனாக்கா கோபத்தில் ஊசியைக் கொண்டையில் குத்தினார். அது தலையில் குத்தியிருக்க வேண்டும்.

சீனிவாசகம் சிரித்தார். அன்று அவர் சிரித்தது அந்த ஒரு முறைதான். “கேட்டீகளா? போயிட்டு வாங்க தாயி. ஊருக்குப் போற ரோடு இப்படிக்கா.”

“உங்ககிட்டயும் எனக்கு ஒண்ணு கேக்கணும் அண்ணாச்சி,” என்றார் பொன்னுத்தங்கம்.

“உங்கிட்ட எனக்கு என்ன பேச்சு?”

“எம்மேல நூறு குத்தம் எழுதுங்க. சங்கத்துப் பேரைக் கெடுத்தேன், எழுதுங்க. ஆனா நம்ம கம்பெனிக்குள்ள தீ வச்சதா எழுதி அதுக்குக் கீழ ஒம்பது பேரு கையெழுத்துப் போட்டிருக்கீக. நான் யாருக்கும் அனுப்ப மாட்டேன். ஆனா அது கோர்ட்ல கெடக்கு, இனி அழியாது. என்னைக்காவது ஒரு ரூம் வெடிச்சு, ரெண்டு பேரு போயிட்டா, எல்லாரும் எந்தப் பேப்பரைத் தேடி எடுப்பாக? அதுல யாரு பேரு இருக்கும்? எழுதிக் குடுத்த அதிகாரி பேரா, உங்க பேரா?”

சிரிப்பு அப்படியே நின்றது.

“ரூம்ல ஒம்பது பேரு உக்காந்திருக்காக அண்ணாச்சி,” என்றார் பொன்னுத்தங்கம். “இன்னைக்கும்.”

எங்கோ ஒரு அறையில் கதவு சாத்தும் சத்தம் கேட்டது. சீனிவாசகம் திரும்பித் தன் அறைக்கு நடந்தார். போய்விட்டார் என்றே நினைத்தேன். நோட்டில் ‘முயற்சி தோல்வி’ என்று எழுதவும் ஆரம்பித்தேன். ‘தோ’ எழுதுவதற்குள் அவர் திரும்பி வந்தார். கையில் பழைய பைல் ஒன்று.

“வெறும் பேப்பரை நான் யார்கிட்டயும் வாங்க மாட்டேன். மேல இருந்து எது வந்தாலும் அவுக கையெழுத்தோட வாங்கி வச்சிருவேன். நாளைக்கு நம்ம தலைக்கு வந்தா காட்டணும்ல. முப்பது வருசத்துல கத்துக்கிட்டது அதுதான்.”

அவர் எடுத்து நீட்டியது துணைப்பதிவாளர் அலுவலகத்தின் தாள். அதில் முழுத் தீர்மானமும் பேனாவில் எழுதியிருந்தது. தலைவர் அவர்கள் குத்துவிளக்கேற்றி. இனிதே தொடங்கியது. கீழே கனகசபாபதியின் சுருக்கொப்பம், தேதி மார்ச் பத்து. கூட்டம் நடந்ததாகச் சொன்ன நாளுக்கு இரண்டு நாள் முன்பு.

அதற்கும் கீழே, அதே கையெழுத்தில், ஓரமாக இரண்டு வரி:

‘அறைகள் பற்றிய புகாரைக் குறிப்பிட வேண்டாம். ஜனவரி ஆய்வில் எல்லாம் சரி என்று நான் பதிவு செய்துள்ளேன். வீட்டையும் சேர்த்து எழுதவும்.’

பொன்னுத்தங்கம் அந்தக் கடைசி மூன்று சொற்களை விரல் வைத்துப் படித்தார். இரண்டாவது முறையும் படித்தார்.

“ஜெராக்ஸ் உங்களுக்கு,” என்றார் சீனிவாசகம். “ஒரிஜினலை நானே எடுத்துட்டு வருவேன். விளக்கு ஏத்தலைன்னு எழுதியும் தருவேன். இது உனக்காக இல்ல, தெரிஞ்சுக்கோ. என் கழுத்துக்காக.”

“உங்க கழுத்து யாருக்கு வேணும்?” என்றார் பொன்னுத்தங்கம்.

*

மறுநாள் மதுரையில் எங்கள் முறை பதினொன்றே காலுக்கு வந்தது.

சங்கத்தின் வக்கீல் எழுந்தார். நாங்கள் எதிர்பார்த்த அதே வரிசையில் சொன்னார். சங்கம் அரசின் அங்கமல்ல. இது உறுப்பினர்களுக்குள் நடந்த விவகாரம். ரிட் மனு ஏற்கத்தக்கதல்ல. மனுதாரர் துணைப்பதிவாளரிடம் முறையிடுவதற்குச் சட்டத்தில் வழி இருக்கிறது.

கற்பகவல்லி ஒன்றும் வாதாடவில்லை. இரண்டு தாள்களை மட்டும் மேலே கொடுத்தார். நீதிபதி இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் படித்தார். குத்துவிளக்கு வரிக்கு வந்தபோது அவர் புருவம் உயர்ந்ததை நான் பார்த்தேன். பார்த்ததாகத்தான் நினைக்கிறேன்.

“இந்தக் கூட்டம் எங்கே நடந்தது?” என்று கேட்டார்.

பின் வரிசையில் இருந்து சீனிவாசகம் எழுந்தார். “பட்டாசுக் கம்பெனிக்குள்ளங்கய்யா. விளக்கு ஏத்தலைங்கய்யா. ஏத்த முடியாதுங்கய்யா.”

“பிறகு இதை யார் எழுதியது?”

சீனிவாசகம் பைலை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு பெயரைச் சொன்னார்.

நீதிபதி சங்கத்தின் வக்கீலைப் பார்த்தார். “மனுதாரர் யாரிடம் போய் முறையிட வேண்டும் என்று சொன்னீர்கள்?”

வக்கீல் தாள்களைப் புரட்டினார்.

உத்தரவு மூன்று நிமிடத்தில் முடிந்தது. சங்கத்தின் மீது நேரடியாக ரிட் போகுமா என்ற கேள்வி பிறகு முடிவு செய்யப்படும். ஆனால் இந்த முடிவு ஓர் அரசு அதிகாரி தயாரித்தது என்று முதல் பார்வையிலேயே தெரிவதால், அவரைக் கேள்வி கேட்க இந்த நீதிமன்றத்துக்குத் தடை இல்லை. தீர்மானத்தை எழுதியவரிடமே முறையீடு செய்யச் சொல்வது பரிகாரம் ஆகாது. நீக்கத்துக்கும், வீட்டைக் காலி செய்யச் சொன்னதற்கும் இடைக்காலத் தடை. கனகசபாபதி இரண்டு வாரத்தில் பதில் தர வேண்டும்.

வராந்தாவில் மீனாக்கா என் தலையில் ஒரு தட்டுத் தட்டினார். “பேப்பரைப் பாக்காம வாசிச்சே பாரு. உன் வாழ்க்கையில நீ உருப்படியாச் செஞ்ச தப்பு அது ஒண்ணுதான்லே.” ஸ்கூட்டர் பின்சீட்டு திரும்பக் கிடைத்துவிட்டது என்று எடுத்துக்கொண்டேன்.

சீனிவாசகம் எங்களைக் கடந்து போனார். பொன்னுத்தங்கத்தைப் பார்க்காமலே நின்றார்.

“நாளைக்கு எட்டு மணிக்கு வேலை. ஒரு நிமிசம் லேட்டானா கேட்டு பூட்டியிருக்கும்.”

“வாரேன். ரூம்ல நாலு பேருக்கு மேல இருந்தா திரும்பவும் எழுதுவேன்.”

“எழுதித் தொலை.”

அவர் படியிறங்கிப் போகும்வரை பொன்னுத்தங்கம் பார்த்துக்கொண்டே நின்றார். பிறகு என் பக்கம் கையை நீட்டினார்.

“தம்பி, அந்தப் பேனாவைக் கொடு. எங்கிட்ட இருந்தது போன புகாரோட தீந்துபோச்சு.”